எவந்தியாவின் வலக்கை

1

எவந்தியா என்பது அவருடைய பெயர். கிரேக்க நாட்டில் வோலோஸ் என்னும் துறைமுக நகரத்தவர். அந்நகரின் முதுகில் எழும் மலையில் உள்ள ஊர்களுக்கெல்லாம் ரொட்டி வண்டி ஓட்டியே தலை நரைத்தவர். விடியுமுன் எழுவார். காப்பியைச் சர்க்கரையின்றிக் குடிப்பார். வண்டியின் கண்ணாடிகளைத் துணியால் துடைத்த பின்னரே சாவியைத் திருப்புவார். வழியில் கோயில் வந்தால், அது பெரிய மாதா கோயிலாயினும் சாலையோரத்துச் சிறு மாடமாயினும், வலக்கையால் மும்முறை சிலுவை அடையாளம் போட்டுக்கொள்வார். அப்போது இடக்கை ஸ்டியரிங்கைவிட்டு அகலாது. அத்தனை வளைவுகளிலும் அவருடைய வண்டி ஒரு கீறல்கூட வாங்கியதில்லை.

இவ்வளவும் உண்மை. இனி எழுதப்போவது எவ்வளவு உண்மை என்பதை நான் உறுதியாகச் சொல்ல இயலாது. ஏனெனில் இந்தக் கதை எனக்கு இருவரிடமிருந்து கிடைத்தது. ஒருவர் எவந்தியா. மற்றவர் அவருடைய தங்கை அரெத்தி, சைப்ரஸ் தீவில் எங்கள் அடுத்த வீட்டுக்காரர். விபத்து நேரவிருந்த அந்த நொடியில் ஸ்டியரிங்கில் ஒரு கையும் இல்லை என்கிறார் தங்கை. சுண்டுவிரல் இருந்தது என்கிறார் அக்காள். அந்தச் சுண்டுவிரலைப் பற்றித்தான் இந்தக் கதை என்று முதலில் எண்ணினேன்.

(முதல் வரைவில் அவரை 'அவள்' என்றே எழுதிவந்தேன். நேரில் பார்த்துப் பேசிய பிறகு என் பேனா அதற்கு இசையவில்லை. அவர்கள் பேசுவது கிரேக்கம். நான் அதைத் தமிழ்ப் பேச்சாகவே கேட்கிறேன், அப்படியே எழுதுகிறேன்.)

2

தொடக்கங்கள் சிலவற்றை எழுதிக் கைவிட்டேன். அவற்றையும் இங்கேயே விட்டுவைக்கிறேன்.

"மழை வலுத்துப் பெய்துகொண்டிருந்த ஒரு காலைப்பொழுதில்…" என்று தொடங்கினேன். நடந்ததோ ஜூன் மாதம். இத்தீவில் ஜூன் மாதத்தில் மழையைப் பெய்விப்பது பேனாவுக்கு எளிது. ஆனால் அரெத்தி சிரிப்பார்.

"விதி அவ்விருவரையும் அந்தத் திருப்பத்துக்கு…" இதுவும் வேண்டா. விதியின்மேல் பாரத்தைப் போட்டால் வண்டி ஓட்டியவரைக் கேள்வி கேட்க இடமின்றிப் போகும்.

ஆகவே, உள்ளதை உள்ளபடி சொல்கிறேன். அரெத்திக்கு வலக்கண் மங்கிவந்தது. தலைநகர் நிக்கோசியாவின் மருத்துவமனையில், குறித்த நாளில் சென்று கண்ணுக்குள் ஊசி போட்டுக்கொள்ள வேண்டும். ஒரு முறை பேருந்து மாறிச் சென்றதில் நேரம் தவறிவிட்டது. மறுமுறைக்குள் பார்வை இன்னும் கொஞ்சம் போயிற்று. "இன்னொரு தரம் தவறவிட்டால் என்னால் ஒன்றும் செய்ய இயலாது" என்று மருத்துவர் சொல்லிவிட்டார். மகன் ஜெர்மனியில் இருக்கிறான். கணவர் இல்லை. கொட்டகையில் கணவரின் பழைய வண்டி மட்டும் இருந்தது. அதனால் அக்காளை வரவழைத்தார்.

(அடுத்த வீட்டில் இருக்கும் நீ ஓட்டியிருக்கலாமே என்று கேட்பீர்கள். எனக்குப் பள்ளியில் பாடம் நடத்தத் தெரியும்; ஓட்டத் தெரியாது.)

3

வந்து இறங்கியதும் எவந்தியா கேட்ட முதற்கேள்வி, தம் நாட்டு உரிமம் இங்கே செல்லுமா என்பது. செல்லும் என்றறிந்தார். அடுத்த கேள்வி காப்பீட்டைப் பற்றியது. தங்கையின் வண்டிக்கான காப்பீட்டில் தங்கையின் பெயர் மட்டுமே இருந்தது.

"உன் பேரு இல்லாட்டி என்னக்கா? இங்க யாரு நிறுத்திக் கேக்கப்போறா?"

"இடிச்சா கேப்பாங்கடி. அதுவரைக்கும் எல்லாரும் நல்லவங்கதான்."

"நீதான் இடிக்கவே மாட்டியே!"

"எங்க ஊர்ல இடிக்க மாட்டேன். உங்க ஊர்ல இன்னும் நான் ஓட்டவே இல்லையே. மொதல்ல பேரைச் சேத்துட்டு வா."

பெயர் சேர்ந்த பிறகே சாவியைத் தொட்டார்.

தமிழ்நாட்டிலோ இலங்கையிலோ இருந்து இதைப் படிப்பவருக்கு இத்தீவின் சாலை விதி உறுத்தாது. நம்மைப் போலவே இங்கும் இடப்பக்கம் செல்வார்கள். ஓட்டுநர் வலப்பக்கம் அமர்வார். எவந்தியாவுக்கோ எல்லாம் தலைகீழ். கால்பந்துத் திடலில் பழகத் தொடங்கினார். கியர் மாற்ற வலக்கை தானாக நீண்டு கதவில் மோதியது.

"அக்கா, கதவுல கியர் இல்ல."

"தெரியும்."

மறுபடியும் மோதியது.

"அக்கா, கதவு என்ன பாவம் பண்ணிச்சு?"

"வாய மூடிட்டு வா. உங்க ஊரே கண்ணாடிக்குள்ள இருக்கற மாதிரி இருக்குடி."

ஆயினும் அவர் கைதேர்ந்த ஓட்டுநர். சில நாள்களில் இடக்கை கியரைக் கற்றுக்கொண்டது. 'இடப்பக்கம், இடப்பக்கம்' என்று முணுமுணுத்தபடி ஊருக்குள் வட்டமடித்தார். சந்தை முனையில் உள்ள வட்டச் சந்திப்பைச் சரியான திசையில் சுற்றி வந்தார். மற்றவர்கள் பொறுமையிழந்து ஒலியெழுப்பியபோதும் வேகத்தைக் கூட்டவில்லை.

அவர் பழகிய இடங்களில் கோயில் எதுவும் இருக்கவில்லை.

(இந்த வாக்கியத்தை முதலில் ஓர் ஓரத்தில்தான் எழுதியிருந்தேன். கதையே இதுதான் என்று பிறகு தெரிந்ததால் தனியே நிறுத்தினேன்.)

4

ஊசி போடும் நாள் வந்தது. காலையில் புறப்பட்டார்கள். மலைச்சாலையில் எவந்தியா ஓட்டிய அழகை அரெத்தி இன்றும் புகழ்கிறார்.

"வீட்டுக்காரர் இருந்தப்பகூட இவ்ளோ மெதுவா, இவ்ளோ நிதானமா நான் போனதே இல்ல டீச்சர். தூக்கமே வந்துடுச்சு."

மலை இறங்கியதும் இடப்பக்கம் திரும்பும் ஒரு வளைவு. வளைவின் உள்முனையில் புனித மாமாஸின் கோயில். எவந்தியா வேகத்தைத் தணிக்க இடக்கையால் கியரைப் பிடித்தார். அதே நொடியில் கோயில் கண்ணில் பட்டது. வலக்கை எழுந்தது.

இங்கே சற்று நிற்க வேண்டும். அவருடைய ஊரில் கியரும் சிலுவையும் ஒரே கையின் வேலைகள். ஒரே கை இரண்டையும் ஒரே நேரத்தில் செய்ய இயலாது. ஆகவே மற்றொரு கை எப்போதும் ஸ்டியரிங்கிலேயே இருந்துவந்தது. இங்கே கியர் இடக்கைக்குப் போயிற்று. சிலுவை மட்டும் வலக்கையிலேயே நின்றுவிட்டது. இதைப் பற்றி எந்தச் சாலை விதியும் எச்சரிப்பதில்லை.

நெற்றி. வயிறு. வலத்தோள். கை இடத்தோளை அடையுமுன் வண்டி வளையாமல் நேரே சென்று நடுக்கோட்டைத் தாண்டியது. எதிரே உருளைக்கிழங்கு ஏற்றிய லாரி. அரெத்தி அலறினார். எவந்தியா ஸ்டியரிங்கைப் பற்றி ஒடித்தார், ஒடித்ததும் வலப்பக்கமே. அவருடைய உடம்புக்கு வலப்பக்கம்தான் பாதுகாப்பான பக்கம். வண்டி எதிர்ச்சாலையை முழுதும் கடந்து ஓர் அரளிப் புதரில் நுழைந்து நின்றது. லாரி கிறீச்சிட்டு, பின்பக்கத்தை உரசாத குறையாக நின்றது.

("சாவு அவர்களைப் பார்த்துச் சிரி…" அடித்துவிட்டேன்.)

லாரிக்காரர் இறங்கினார். கோயிலைப் பார்த்து முதலில் சிலுவை போட்டுக்கொண்டார். பிறகு திட்டத் தொடங்கினார்.

5

அருகில் ரோந்து வந்த காவலர்கள் இருவரில் ஹம்பிஸ் என்பவர் அரெத்தியை அறிந்தவர். உரிமம், காப்பீடு இரண்டையும் வாங்கிப் பார்த்தார். இரண்டிலும் குறையில்லை.

"என்னம்மா ஆச்சு? தூங்கிட்டீங்களா?"

"இல்ல தம்பி. கோயிலு வந்துச்சு, கும்பிட்டேன்."

"ஸ்டியரிங்லேருந்து தேவையில்லாம கைய எடுக்கக் கூடாதும்மா."

"தேவையில்லாமயா?"

ஹம்பிஸ் கோயிலைப் பார்த்தார். கையிலிருந்த பேனாவைப் பார்த்தார்.

"இத நான் எப்படி எழுதறது சொல்லுங்க? 'சாமி கும்பிட்டார்'னு எழுதினா என் மாமியார் எனக்குச் சோறு போட மாட்டாங்க."

"சிரிக்காத தம்பி. எழுது. தப்பு என்மேலதான்."

"இன்னொன்னும்மா. வாடகை வண்டின்னா இங்க சிவப்பு நம்பர் இருக்கும். அதப் பாத்தாலே வெளியூர்க்காரங்கன்னு நாங்க ஒதுங்கிப் போயிடுவோம். இது அரெத்தி அக்கா வண்டி. உள்ளூர் ஆளுன்னு நம்பித்தான் லாரிக்காரர் அவர் பாட்டுக்கு வந்துட்டார்."

அந்தச் சொல் எவந்தியாவைத் தைத்தது என்று நினைக்கிறேன். 'நம்பி' என்னும் சொல். (அவர் அப்படிச் சொல்லவில்லை. இது என் ஊகம்.)

"எல்லாரும் பேசிட்டே இருங்க," என்றார் அரெத்தி. "அங்க டாக்டர் போயிடுவாரு. என் கண்ணும் போயிடும்."

ஹம்பிஸ் ஓட்டுநர் இருக்கையில் ஏறினார். கூட்டாளி காவல் வண்டியில் பின்தொடர்ந்தார். இடப்பக்க இருக்கையில் அமர்ந்த எவந்தியா வழிநெடுக அந்த இளைஞரின் கைகளையே பார்த்துக்கொண்டு வந்தார். அடுத்த கோயில் வந்தது. ஹம்பிஸ் கியரை மாற்றினார். இடக்கையை ஸ்டியரிங்குக்குக் கொண்டுவந்தார். அதன் பிறகே வலக்கையை எடுத்துச் சிலுவை போட்டுக்கொண்டார்.

"தம்பி, இப்ப நீ கைய எடுத்தியே?"

"நீங்க பாக்கலைன்னு வச்சுக்கங்கம்மா."

ஊசி நேரத்துக்குப் போடப்பட்டது.

6

அடுத்த ஊசிக்குச் சில வாரங்கள் இருந்தன. நான் இந்தக் கதையை எழுதத் தொடங்கியது அப்போதுதான். எனவே முடிவு இன்னும் நடக்கவில்லை. நடவாததை எழுதும் உரிமை கதை எழுதுபவருக்கு உண்டு என்னும் துணிவில் முடிவுகள் மூன்றை எழுதி, ஒரு மாலை அவர்கள் முற்றத்தில் அமர்ந்து, அவர்கள் மொழியில் சொல்லிக் காட்டினேன். அரெத்தி தர்ப்பூசணியை அரிந்துகொண்டிருந்தார்.

முதல் முடிவு: எவந்தியா கோயிலில்லாத சாலை ஒன்றைக் கண்டுபிடித்து, அவ்வழியே தங்கையை அழைத்துச்செல்கிறார்.

"இந்தத் தீவுலயா?" என்றார் அரெத்தி. "கடல்லதான் போகணும்."

இரண்டாம் முடிவு: எவந்தியா வாயை மூடிக்கொண்டு, நாக்கால் மேலண்ணத்தில் சிலுவை வரையப் பழகுகிறார்.

"அது எனக்குத் தெரியும்," என்றார் எவந்தியா. "எங்க ரொட்டிக் கடைக்காரர் அப்படித்தான் செய்வாரு. நாக்கும் போகும், கையும் சேந்து போகும்."

மூன்றாம் முடிவின்மேல் எனக்குப் பெருமை இருந்தது. அது இரவல் வாங்கியது போலன்றி உள்ளத்திலிருந்து வந்தது. கோயில்கள் வரும்போது எவந்தியா இரு கைகளாலும் ஸ்டியரிங்கைப் பிடித்திருக்கிறார். பக்கத்தில் அமர்ந்த அரெத்தி, கண்ணில் கட்டோடு, இருவருக்குமாகச் சேர்த்துச் சிலுவை போட்டுக்கொள்கிறார். தங்கைக்கு அக்காளின் கண். அக்காளுக்குத் தங்கையின் கை.

அரெத்தி கத்தியை வைத்துவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"டீச்சர், இதையே வச்சுக்குங்க. அக்கா, நல்லாயிருக்குல்ல?"

எவந்தியா ஒரு துண்டு தர்ப்பூசணியின் மேல் பாலாடைக்கட்டியை வைத்து மெல்ல மென்று விழுங்கினார்.

"கதைக்கு நல்லாயிருக்கு. ரோட்டுக்கு நல்லாயில்ல."

"ஏங்க்கா?"

"அன்னிக்கு ஸ்டியரிங்ல சுண்டுவிரல் இருந்துச்சுன்னு சொன்னேன்ல, அது இல்ல."

சுண்டுவிரலுக்காக நான் ஒதுக்கியிருந்த ஒரு பத்தியை அப்பொழுதே மனத்தில் அடித்தேன்.

"நான் சிலுவை போட நெனச்சிருந்தா, போடக் கூடாதுன்னும் நெனைக்கலாம்," என்றார் எவந்தியா. "ஆனா நான் நெனைக்கவே இல்லடி. கை என்னைக் கேக்கவே இல்ல. அந்தத் தம்பியோட கைக்குச் சின்ன வயசுலேருந்து வரிசை தெரியும். கியர், ஸ்டியரிங், அப்புறம் சாமி. என் கைக்கு அந்த வரிசைய இந்த வயசுல சொல்லிக் குடுக்கலாம். ஆனா நடுவுல ஒரு தடவ அது மறந்துச்சுன்னா, உன்ன வச்சுக்கிட்டு மறக்கும்."

"அப்ப என் கண்ணு?"

"இரு, சொல்றேன்."

7

இங்கே கதையை நிறுத்தி, உங்களிடம் ஒப்படைக்க எண்ணியிருந்தேன். மூன்று முடிவுகளும் மேலே இருக்கின்றன; வேண்டியதை எடுத்துக்கொள்ளலாம் என்று ஒரு வரிகூட எழுதிவைத்திருந்தேன். மூன்றிலும் எவந்தியா வண்டி ஓட்டுகிறார் என்பதை அப்போது நான் கவனிக்கவில்லை. திறமையுள்ள ஒருவர் திறமையைக் கைவிடுவதாக எழுத எனக்கு மனம் வரவில்லை போலும். ஆனால் முடிவு சொல்ல வேண்டியவர் எதிரே அமர்ந்து, கையைத் துடைத்துக்கொண்டிருந்தார். அவரை முந்திக்கொண்டு உங்களிடம் கொடுப்பது முறையன்று.

எவந்தியா எழுந்து உள்ளே சென்றார். வண்டிச் சாவியைக் கொண்டுவந்து தங்கையின் மடியில் வைத்தார்.

"அன்னிக்கு நேரம் தப்பினப்ப நீ தனியாப் போன. எந்த பஸ்ஸுன்னு கண்ணு தெரியாம நின்ன. இந்தத் தரம் மொதல் நாளே போயிடுவோம். ஆஸ்பத்திரிகிட்ட ரூம் எடுத்துத் தங்கிக்கலாம். காலைல நடந்தே போகலாம்."

"நீ ஓட்டறதுக்குத்தானக்கா வந்த?"

"உன்னக் கொண்டுபோய்ச் சேக்கறதுக்கு வந்தேன்," என்றார் எவந்தியா. "இந்த ஊர்ல நான் ஓட்டல. பஸ்ல போவோம்."