வாய் படாத கோப்பை

1

விளம்பரப் படங்களில் தேநீர்க் கோப்பையிலிருந்து எழுகிற ஆவி, பல சமயம் கோப்பைக்குப் பின்னால் மறைத்துப் பிடித்த ஊதுவத்தியின் புகை. இதை ஒரு காமிராக்காரர் போகிறபோக்கில் சொல்லிவிட்டுப் போனார். எனக்கு இருப்புக்கொள்ளவில்லை. ஊதுவத்தியைப் பிடித்துக்கொண்டு குனிந்திருக்கும் ஆள் யார்? அவனைப் பற்றித்தான் இந்தக் கதை.

முதலில் இப்படித் தொடங்கினேன்: பொன்முடியில் பனி விலகியபோது, தேயிலைச் செடிகளின் மேல்—

வேண்டாம். எந்த விளம்பரமும் அப்படித்தான் தொடங்கும்.

2

திருவனந்தபுரம், 1953. ஸ்ரீவராகத்து நாகேஸ்வரன் சர்க்கார் வேலையை உதறிவிட்டு விளம்பரப் படம் எடுக்கக் கிளம்பியிருந்தான். முதல் வாடிக்கையாளர், சாலைக்கடை பஜாரில் தேயிலை விற்கும் கோமதிநாயகம் பிள்ளை. படத்தின் உயிர் ஒரே காட்சி: ஒரு பெண் தேநீர் குடித்துவிட்டுச் சிரிக்க வேண்டும். நடிக்க ஒருத்தியும் வரவில்லை. கடைசியில் மனைவி சீதாலக்ஷ்மியே ஒப்புக்கொண்டாள். தெரு என்ன பேசுமோ என்று அவன்தான் தயங்கினான்.

"பேசட்டுமே. டாக்கீஸ்ல என் மூஞ்சி அத்தனை பெரிசா வரும்னா நான் விடமாட்டேனாக்கும்."

[இவ்வளவு சுலபமாகச் சம்மதிப்பாளா? எத்தனை முறை அடித்து எழுதினாலும் சம்மதித்துவிடுகிறாள்.]

பிலிம் ஒரு தடவைக்குத்தான் இருந்தது. மேஜைக்கடியில் ஊதுவத்தியோடு நாகேஸ்வரன், காமிராவில் வேலாயுதன். இருவர் கண்ணும் புகையின் மேலேயே இருந்தது. அது என்னமாய் நெளிந்தது!

"கிட்டி சாரே, கிட்டி" என்றான் வேலாயுதன், காட்சி கிடைத்துவிட்டதென்று. நாகேஸ்வரன் சந்தோஷத்தில் துள்ளி, மேஜையில் தலையை இடித்துக்கொண்டான்.

3

சென்னையில் கழுவி வந்த படத்தைத் தம்பானூர்க் கொட்டகையில் காலையில் போட்டுப் பார்த்தார்கள். மாலையில் ஜனங்கள் முன்னால் ஓட வேண்டும்.

திரையில் சீதாலக்ஷ்மி கோப்பையை எடுத்தாள். அண்ணாந்தாள். உதட்டில் படாமல், ஒரு சொட்டுச் சிந்தாமல், தூக்கி ஊற்றிக்கொண்டாள். பிறகு சிரித்தாள்.

வீட்டில் எல்லோரும் அப்படித்தான் குடிப்பது. அதனால்தான் படம் எடுத்தபோது அது நாகேஸ்வரன் கண்ணில் உறுத்தவில்லை; வேலாயுதனோ புகையைத் தவிர எதையும் பார்க்கவில்லை.

"என்ன வேய் இது? வாயே படாம ஊத்துகா" என்றார் பிள்ளை. "பாக்குதவனுக்கு என்ன தோணும்? கப்புல யாரோ எச்சி வச்சிருக்கான்னுல்லா தோணும்."

"வேற எப்பிடிக் குடிக்கறதாக்கும்?" என்று கேட்டாள் சீதாலக்ஷ்மி. நிஜமாகவே அவளுக்குத் தெரியவில்லை.

நாகேஸ்வரன் மனசுக்குள் கணக்குப் போட்டான். வேலையை விட்டாயிற்று. இந்தப் படமும் போனால் இன்னொன்றை யார் கொடுப்பார்கள்?

4

முடிவு ஒன்று: பிள்ளைக்குக் காப்பி வருகிறது. கோபத்தோடு டம்ளரை எடுத்தவர், தாமும் அண்ணாந்து—

[அடித்துவிட்டேன். கதாசிரியனுக்குத் தேவையான நேரத்தில் காப்பி வருவதை யார் நம்புவார்கள்?]

முடிவு இரண்டு: அண்ணாந்து குடிப்பதை மட்டும் வெட்டிவிடுவது. வேலாயுதன் கத்தரிக்கோலை எடுத்தேவிட்டான்.

"குடிக்காமயே சிரிச்சா, பைத்தியம்னு நினைச்சுப்பா" என்றாள் சீதாலக்ஷ்மி.

அவள் சொல்வது சரி. அதையும் அடித்தேன்.

மிஞ்சியது இதுதான்: பிள்ளை துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார். "உம்ம இஷ்டம், ஐயரே. ஆனா ஊரு சிரிச்சா, நமக்குள்ள பேச்சு இல்ல, கேட்டேரா."

நாகேஸ்வரன் மனைவியைப் பார்த்தான். "அப்பிடியே போடு, வேலாயுதா" என்றான்.

5

மாலை. விளக்கு அணைந்தது. இனி எழுத என்னால் ஆகாது. கொட்டகையில் உட்கார்ந்திருப்பது நீங்கள். திரையில் புகை நெளிகிறது, கோப்பை மேலே போகிறது. சீதாலக்ஷ்மி ஆசை தீரத் தன் முகத்தையே பார்த்துக்கொண்டிருக்கிறாள். நாகேஸ்வரன் திரையைப் பார்க்கவில்லை. திரும்பி நின்று உங்கள் முகத்தைப் பார்க்கிறான். உங்களுக்குச் சிரிப்பு வருகிறதா, நாக்கு ஊறுகிறதா?

சீக்கிரம் சொல்லுங்கள். தேநீர் இறங்கிக்கொண்டிருக்கிறது.