பாலத்துக்கு மேலே நல்ல தண்ணீர்

ஜெயந்தன் இறந்து பத்தொன்பது மணித்தியாலமும் நாற்பது நிமிடமும் ஆகியிருந்தபோது, அவனுடைய தங்கை விதுர்ஷா பாலத்தடியில் குடத்தைச் சரித்து நீர் நிரப்பிக்கொண்டிருந்தாள். எலிக்காய்ச்சல். மூன்றே நாள். தோணியும் வலையுமாகக் கொக்கட்டியாற்றிலேயே கிடந்தவன். "செத்தா என்னக் கொக்கட்டியாத்துத் தண்ணியிலதான் குளிப்பாட்டணும்" என்று எப்போதோ பகிடியாகச் சொன்னதை அம்மா இப்போது இறுகப் பிடித்துக்கொண்டிருந்தாள்.

வீட்டில் இளையதம்பி மாமா குடத்துக்குள் விரலை விட்டு நாக்கில் வைத்தார்.

"என்ன மகள் இது? உப்பாக் கரிக்குது."

ஆவணியில் ஆறு வற்ற, கடலோடு கலந்த வாவியின் உப்பு நீர் பாலம் வரை ஏறிவிடும். விலங்கியல் பட்டதாரியான அவளுக்கு அது தெரிந்திருக்க வேண்டும்.

"வந்தாறுமூலைக் கம்பஸ்ல நாலு வருசம் இருந்த பிள்ள," என்றார் மாமா, கூட்டத்தைப் பார்த்து. "எங்கட எருமைக்குத் தெரியும் இது."

கதிரை வரிசையின் கடைசியில் இருந்த நிஸ்றா எழுந்தாள். ஏறாவூர்க்காரி. விதுர்ஷாவோடு ஒரே வகுப்பில் படித்தவள்.

"அணைக்கட்டுக்கு மேல போனா நல்ல தண்ணி இருக்கும் மாமா. ஜெயந்தன் அண்ணன் குடிக்கிற இடம் ஒண்டு இருக்கு. எனக்குத் தெரியும்."

"அந்தப் பிள்ளையோட போய்ட்டு வா," என்றாள் அம்மா.

விதுர்ஷா உப்பு நீரை வேலியோரம் ஊற்றினாள்.

நிஸ்றா ஸ்கூட்டியை ஓட்ட, விதுர்ஷா பின்னால் வெறுங்குடத்தை மடியில் வைத்துக்கொண்டு இருந்தாள். தன் ஊர் வயல்பாதையில் தனக்கு வேறொருத்தி வழி காட்டுகிறாள்.

"வெள்ளத்துக்கு முதல் ஆறு அந்தப் பக்கம்தானாம் போனது. ஒரே மாரியில இந்தப் பக்கம் கிறுகிட்டாம்," என்றாள் நிஸ்றா.

சண்டைக் காலத்தில் உடைந்த பழைய பாலத்தின் தூண்கள் இரண்டு ஆற்றுக்குள் நின்றன. அவற்றின் மேல் நீர்க்காகங்கள் இறக்கையை விரித்துக் காய்ந்தன.

"இதில நான் அம்பத்திரெண்டு நீர்க்காகம் எண்ணினன். அண்ணன் அம்பத்திமூண்டு எண்டார். மறுகா எண்ணிப் பாத்தா அவர்தான் சரி."

கரடியனாறு ஊருக்கு அப்பால், மலையடி ஊற்றிலிருந்து வாவி வரை, நடந்தும் தோணியிலுமாக இரண்டு வருடம் நிஸ்றாவும் ஜெயந்தனும் அவளுடைய ஆய்வுக்காக அந்த ஆற்றைப் பார்த்து முடித்தார்கள். நிஸ்றாவின் ஆய்வேட்டின் நன்றிப் பக்கத்தில் ஜெயந்தனின் பெயர் முதலாவதாக இருந்தது. அந்த ஒற்றைத் தாளை அவன் லெமினேட் செய்து சாமிப்படத்துக்குக் கீழே மாட்டியிருந்தான். தினமும் அதற்கு முதுகைக் காட்டிக்கொண்டுதான் விதுர்ஷா தலை சீவுவாள்.

அணைக்கட்டைத் தாண்டி, மருத மர வேர்களுக்கிடையில் ஒரு மடு. அடி மணல் தெரிந்தது. கரை ஈரத்தில் நீர்நாயின் கால்தடம், பக்கத்தில் மீன் செதில்கள். விதுர்ஷா அந்தத் தடத்தைப் படத்தில் மட்டுமே பார்த்திருந்தாள்.

"இதையும் உனக்குத்தான் காட்டினாரா?"

"ஓம். நீர்நாயப் பாக்க மூண்டு நாள் தனியா வந்து காத்துக் கிடந்தாராம். அதுக்குப் பிறகுதான் என்னக் கூட்டி வந்தார்."

விதுர்ஷா குடத்தின் விளிம்பைத் துடைத்தாள். துடைக்க அதில் ஒன்றுமில்லை.

"விதுர்ஷா வரல்லயா எண்டு நான் கேட்டன்," என்றாள் நிஸ்றா. "அவ லாப்ல பெரிய வேல செய்றா, நேரமில்ல எண்டார். குறையாச் சொல்லல்ல, பெருமையாச் சொன்னார். எனக்கு எரிச்சலா வந்திச்சு. கூட அலையுறது நான், கதை முழுக்க உன்னப் பத்தித்தான்."

குடம் மடுவுக்குள் இறங்கியது. குமிழிகள் வந்து நின்றன. விதுர்ஷா அதைத் தூக்கவில்லை.

"அண்ணன் முதல்ல என்னத்தான் கேட்டவர்," என்றாள். "ஆய்வுக்கு இந்த ஆத்த எடு, நான் எல்லாம் காட்டுறன் எண்டு. எட்டாம் வகுப்புப் படிச்ச தோணிக்காரன் சொல்லுறத எழுதிக் குடுத்தா கம்பஸ்ல சிரிப்பாங்க எண்டன். முகத்துக்கு நேரதான் சொன்னன்."

நிஸ்றா குனிந்து குடத்தின் மறுபக்கத்தைப் பிடித்தாள். எதிர்க்கரையிலிருந்து மீன்கொத்தி ஒன்று நீரில் விழுந்து, வெறும் அலகோடு எழுந்து, அதே கிளையில் போய் இருந்தது.