இரவல் குரலில் பதினான்கு நாள்

துணை நடிகர் அமேதேயோ பதினோரு ஆண்டுகளாகப் பிறர் குரலில்தான் பேசினார். போர் முடிந்தபின் ரோமில் படமெடுத்தவர்கள் படப்பிடிப்பில் ஒலியைப் பதிவுசெய்வதில்லை. வசனத்தை வேறொருவர் பிறகு ஒலிப்பதிவுக் கூடத்தில் நின்று பேசிச் சேர்ப்பார். துணை நடிகர்களிடம் வசனத்தைக் கொடுப்பதே இல்லை. "எண்ணு" என்பார் இயக்குநர். அவர்களும் கோபத்தோடோ கண்ணீரோடோ ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணி வாயசைப்பார்கள். அமேதேயோ ஒரு மந்திரியாக எழுபத்தாறு வரை எண்ணி மன்னிப்புக் கேட்டிருக்கிறார்.

மற்றவர்களுக்கு அதோடு முடிந்தது. அமேதேயோவுக்கு மட்டும், குரல் கொடுத்தவரின் குரல் அவர் தொண்டையிலேயே தங்கிவிடும். அடுத்த படத்துக்கு வேறொருவர் பேசியதும் அது உரியவரிடம் திரும்பும். அதுவரை உரியவர் ஊமை. ஆண்டுக்கு ஆறு படம் வந்ததால் யாரும் அதைப் பெரிதுபடுத்தவில்லை. குரல் போனவர்கள் கடற்கரைக்குப் போய் ஓய்வெடுத்தார்கள். எங்கள் ரொட்டிக்கடைக்காரி மட்டும், "போன மாசக் குரலே தேவலாம்யா, இது மூக்கால பேசுது" என்று குறைபட்டுக்கொள்வாள்.

ஊரெல்லாம் பனி கொட்டிய பிப்ரவரியில், அமேதேயோவின் நண்பர் துல்லியோவின் மனைவி எர்சிலியாவுக்குக் கண்ணில் அறுவைச் சிகிச்சை நடந்தது. அதே காலையில் அமேதேயோவுக்குப் பேசவேண்டியவர் காய்ச்சலில் படுக்க, டப்பிங் கலைஞரான துல்லியோ அவருக்குப் பதிலாகப் போய்ப் பேசிக்கொடுத்துவிட்டு ஊமையாக ஆஸ்பத்திரிக்கு வந்தார். எர்சிலியாவின் இரு கண்ணையும் கட்டி, தலைக்கு இருபுறமும் மணல் மூட்டை வைத்திருந்தார்கள். பதினான்கு நாள் தலை அசைந்தால் பார்வை போய்விடும்.

"சிஸ்டர், அவரு எங்க? ஒரு வார்த்தை காணோமே! ஏதாச்சும் ஆயிடுச்சா, மறைக்கிறீங்களா?" என்று அவள் கண்கட்டைப் பிடுங்கப் போனாள். துல்லியோ பனியில் ஓடி அமேதேயோவை இழுத்துவந்தார். உண்மையைச் சொன்னால் பதறி எழுந்துவிடுவாள், நீயே பேசு என்று ஒரு சீட்டில் எழுதிக் காட்டினார்.

"இங்கதான் இருக்கேன், எர்சிலியா" என்றார் அமேதேயோ. அவள் கை தளர்ந்தது. துல்லியோ அந்தக் கையைப் பிடித்துக்கொண்டார்.

அந்த வாரம்தான் அமேதேயோவுக்குத் தளபதி வேடம் வந்தது. சுவரொட்டியில் பெயர், ஏறிக்கொள்ள வெள்ளைக் குதிரை, சிசிலியில் ஒரு மாதப் படப்பிடிப்பு; டப்பிங் அதற்கும் பிறகுதான். "குதிரை உனக்காகக் காத்திருக்காதுப்பா" என்றார் தயாரிப்பு நிர்வாகி. "அப்ப அதைத் தனியாப் போகச் சொல்லுங்க" என்று சொல்லிவிட்டு அமேதேயோ ஆஸ்பத்திரிக்கு டிராம் ஏறினார்.

ஆனால் வாழ்நாளில் ஒரு வசனமும் கிடைக்காத மனிதர் எத்தனை நாள்தான் பேசுவார்? பனி, வீட்டுவாடகை, மாடிவீட்டுச் சண்டை, எல்லாம் தீர்ந்தன. ஒன்பதாம் நாள் அவர் அன்பாக ஏதோ சொல்ல நினைத்து, பழக்கத்தில், மிகுந்த கனிவோடு எண்ணத் தொடங்கினார். இருபத்தொன்றில்தான் தன் தவறு அவருக்கு உறைத்தது.

"அமேதேயோ, நீயாடா?" என்றாள் எர்சிலியா.

இருவரும் மணல் மூட்டைகளைப் பார்த்தார்கள்.

"டப்பிங் பேசுறவரு எதுக்கு எண்ணப்போறாரு? கேமரா எதிர்ல நின்னு வாயசைக்கிறவன்தான் எண்ணுவான்." அவள் தன் கையிலிருந்த கையை மெல்ல அழுத்தினாள். "அப்ப இந்தக் கைதான் அவரு. ஒம்பது நாளா வாய மூடிக்கிட்டு இருந்திருக்காரு, பாவம்." அவள் தலை அசையவில்லை. "ஏன்டா நிறுத்திட்ட? எண்ணு. வாடகைப் பேச்சுக்கு இது எவ்வளவோ மேல்."

அமேதேயோ எண்ணினார். நூற்று நாற்பதில் அவள் தூங்கிப்போனாள். பதினான்காம் நாள் கட்டு அவிழ்த்தபோது இருவரையும் தெளிவாகப் பார்த்தாள். கடவுள் அந்த வாரம் செய்த வேலைகளில் இதுவும் ஒன்று என்று நான் நம்புகிறேன். சுவரொட்டியில் வேறொருவர் குதிரை ஏறினார். அமேதேயோ மேலும் நாற்பது படங்களில் பரிசாரகராகவும் இரண்டாம் போலீஸ்காரராகவும் வந்து போனார்.

அந்த ஈஸ்டரிலிருந்து ஞாயிறுதோறும் மதியச் சாப்பாடு அவருக்கு எர்சிலியா வீட்டில்தான். அந்த மாதம் அவர் தொண்டையில் இருக்கும் குரல் யாருடையதோ, அவரையும் அவள் அழைத்து ஒரு தட்டு வைத்துவிடுவாள். குரலுக்கு உரியவர், மேசையின் மறுமுனையில் தன் குரல் இன்னும் கொஞ்சம் சாஸ் கேட்பதைக் கேட்டபடி, பேசாமல் சாப்பிட்டுவிட்டுப் போவார்.