பதில் கிடைத்தவன் நடக்க வேண்டும்

அண்ணன் வண்டிச் சாவியைக் கைக்குள் பொத்திக்கொண்டு பீரோவுக்கும் சுவருக்கும் நடுவில் நின்றிருந்தார். ஐம்பதைத் தாண்டிய மனிதர், சபையின் போதகர். சாகக் கிடக்கும் தகப்பனுக்கு நற்கருணை கொடுப்பதற்காகக் கணுக்கால் வரை தொங்கும் வெள்ளை அங்கியைப் போட்டிருந்தார். அந்தக் கோலத்தில், தங்கையிடமிருந்து ஒரு சாவியை ஒளித்துக்கொண்டு நிற்க வேண்டியதாகிவிட்டது.

“குடுண்ணே. அது என் வண்டி.”

“உன் வண்டிதான், யாரு இல்லேன்னா? டாக்டரே கையை விரிச்சிட்டுப் போயிட்டார். பெத்த பொண்ணு பக்கத்துல உக்காராம, பூசாரியைக் கூட்டிட்டு வரேன்னு மலை ஏறப் போறியா?”

“அப்பாதானே கேக்குறார்!”

“அவருக்குப் புத்தி தடுமாறுது.”

“யாருக்குடா தடுமாறுது?” என்று கட்டிலிலிருந்து குரல் வந்தது. “சாவியைக் குடுடா.”

சின்னவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அப்பா சாகப்போகிறார், தனக்குச் சிரிப்பு வருகிறதே என்று வெட்கமாகவும் இருந்தது. என்ன செய்வது, பேச்சு மூச்சில்லாமல் கிடந்த மனிதர் அன்று காலை திடீரென்று கண்ணைத் திறந்து, “கிடைச்சிருச்சு! பதில் கிடைச்சிருச்சு!” என்று கத்தியதிலிருந்து வீடே கல்யாண வீடு மாதிரி ஆகிவிட்டது. ஜெபக்குழுவினர், பெரியவருக்குப் பரலோகமே தெரிந்துவிட்டது என்று நினைத்துக் கைதட்டிப் பாட ஆரம்பித்தார்கள். “சத்தம் போடாதீங்க, யோசிச்சது மறந்துடும். பூசாரியைக் கூப்பிடுங்க” என்று அவர் அதட்டியதும் பாட்டு பாதியில் நின்றது. பூசாரியா என்று ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

அப்பா மிஷன் ஊழியர். இளைஞனாக இருந்தபோது மலைமேல் இருக்கும் குடியிருப்புக்குச் சுவிசேஷம் சொல்ல அனுப்பினார்கள். முதல் நாளே கோவில் பூசாரி அவரை மரத்தடியில் உட்கார வைத்து ஒரு கேள்வி கேட்டார். அப்பாவுக்குப் பதில் தெரியவில்லை. தெரியவில்லை என்று ஒப்புக்கொண்டு, யோசித்துவிட்டு வருகிறேன் என்று இறங்கி வந்தார். பூசாரிக்கு அது பிடித்துப்போயிற்று. அன்றைக்கே இரண்டு பேரும் ஓர் ஒப்பந்தம் போட்டுக்கொண்டார்கள். பதில் கிடைத்தவன் நடக்க வேண்டும். மற்றவன் இருக்கும் இடத்துக்குப் போய்ப் பதிலைச் சொல்லிவிட்டு, தன் கேள்வி ஒன்றை வைத்துவிட்டு வர வேண்டும். அப்படியே ஏறுவதும் இறங்குவதுமாக ஓர் ஆயுள் போய்விட்டது. இவர் மதம் மாற்றப் போனார், அவர் அசைந்து கொடுக்கவில்லை. கல்லில் நார் உரிக்கிறார் என்று சபையில் கேலி பேசினார்கள். அங்கே எத்தனை ஆத்துமா சேர்ந்தது என்று தலைமையிடத்திலிருந்து கேட்கும்போதெல்லாம், “பேச்சு நடந்துகொண்டிருக்கிறது” என்று அப்பா கூசாமல் பதில் எழுதிப்போடுவார்.

கடைசிக் கேள்வி பூசாரியுடையது. அப்பா படுக்கையில் விழுவதற்குச் சற்று முன்பு வந்து, வழக்கம்போல வாசலில் நின்று கேட்டுவிட்டுப் போனார். ‘உங்க சாமி செத்து எழுந்து வந்தாரே, வந்தவர் யாரைப் போய்ப் பார்த்தார்? சிநேகிதக்காரங்களைத்தானே? ஆணி அடிச்சவன் வீட்டுக்கு, தீர்ப்புச் சொன்னவன் வீட்டுக்கு ஏன் போகல? மன்னிச்சேன்னு சொன்னவர் நேர்ல ஒரு எட்டு போயிருக்கலாமே?’ எதிரியாக இருந்த பவுலுக்குத் தரிசனம் தந்தாரே என்று அப்பா அப்போதே சொல்லிப் பார்த்தார். அவன் பிறகு வந்த எதிரி, நான் கேட்பது அவரைக் கொன்றவர்களைப் பற்றி என்று பூசாரி அதைத் தள்ளுபடி செய்துவிட்டார். அன்றிலிருந்து அப்பாவுக்குச் சோறு தண்ணீர் இறங்கவில்லை. நோயைவிட அந்தக் கேள்விதான் அவரைப் படுக்க வைத்தது என்பது சின்னவளின் கட்சி.

அண்ணன் குரலைத் தாழ்த்திக்கொண்டார். “நாளைக்கு ஊர் என்ன பேசும் தெரியுமா? ஊருக்கெல்லாம் சுவிசேஷம் சொன்னவரு, சாகும்போது பூசாரியைத் தேடினாருன்னு பேசும். அவரு பட்ட பாடெல்லாம் ஒரு நொடியில போயிடும்டி. எனக்காகச் சொல்லல.”

அவர் கண் கலங்கியிருந்ததைப் பார்த்ததும் சின்னவளுக்குக் கோபம் போய்விட்டது. அவர் சொல்வதிலும் நியாயம் இருந்தது. ஆனால் கட்டிலில் கிடந்தவரின் கண்கள் அவளையே பார்த்துக்கொண்டிருந்தன.

“எங்கிட்ட சொல்லுங்கப்பா, நான் போய் அவர்கிட்டச் சொல்லிடறேன்.”

“முடியாது. அவன் மூஞ்சியை நான் பாக்கணும்.”

அண்ணன் கையை நீட்டிச் சாவியைக் கொடுத்தார்.

சின்னவள் பள்ளிக்கூட வேன் ஓட்டுபவள். பிள்ளைகளை ஏற்றிக்கொண்டு நத்தை மாதிரி உருட்டிப் பழகிய வண்டி அன்று கொண்டை ஊசி வளைவுகளில் பறந்தது. வழியில் நின்ற லாரிகளுக்கெல்லாம் விடாமல் ஹாரன் அடித்தாள். ‘இருங்கப்பா, இருங்கப்பா’ என்று வாய் தன்பாட்டில் சொல்லிக்கொண்டே வந்தது.

பூசாரி கோவில் முன்னால் விளக்குத் துடைத்துக்கொண்டிருந்தார். பக்கத்தில் குடியிருப்பின் தலைவர் உட்கார்ந்திருந்தார். வேனிலிருந்து குதித்தவள் மூச்சு வாங்கச் சொன்னாள். “மாமா, அப்பாவுக்குப் பதில் கிடைச்சிருச்சாம்.”

விளக்கு அவர் கையிலிருந்து நழுவிக் கீழே உருண்டது.

“எதிரி வீட்டுக் கேள்விக்கா?”

“ஆமா. ஆனா அவரால வர முடியாது. இன்னிக்குத் தாங்குறதே கஷ்டம்.”

அதற்குள் தலைவர் எழுந்துவிட்டார். “சாவு விழப்போற வீடு. வாசப்படி தாண்டினா கோவில் நடை திறக்குற உரிமை அன்னிக்கோட போச்சு. உனக்கு நான் சொல்லணுமா?”

“வாசப்படி தாண்டினாத்தானே? வாசல்ல நின்னுக்கறேன்.”

“பதில் கிடைச்சவன்தானே நடக்கணும்? உங்க சட்டம் அதுதானே?”

“அவனுக்குக் காலு போச்சு. எனக்குக் காலும் இருக்கு, காதும் இருக்கு. நகருய்யா.”

தலைவரும் விடுகிற ஆள் இல்லை. கண்கொத்திப் பாம்பாகப் பார்த்துக்கொள்ள வேண்டியது தன் பொறுப்பு என்று அவரும் வண்டியில் ஏறிக்கொண்டார். வழி நெடுகப் பூசாரி நிலைகொள்ளாமல் தவித்தார். “என்ன சொல்லுவான்? அன்பு அது இதுன்னு வழவழன்னு இழுத்தான்னா ஒத்துக்க மாட்டேன், ஆமா. நேரம் இல்லேன்னு சொல்லுவானோ? மூணு நாள் செத்துக் கிடந்தவருக்கு நேரமா இல்ல?” என்று தானே கேள்வியும் பதிலுமாகப் பேசினார். நடுநடுவே, “கொஞ்சம் வேகமா போம்மா” என்றார். அதற்கு மேல் போனால் வண்டி பறக்கத்தான் வேண்டும்.

வீட்டு முன்னால் கூட்டம் கூடியிருந்தது. பூசாரி இறங்குவதைப் பார்த்ததும் பாட்டு நின்றது. அண்ணன் வாசலை அடைத்துக்கொண்டு நின்றார். யாரும் எதுவும் பேசுவதற்குள் உள்ளேயிருந்து குரல் வந்தது.

“வந்துட்டானா?”

“வந்துட்டேன்யா!” பூசாரி வாசலில் நின்றபடியே கத்தினார். “சொல்லாம செத்துத் தொலைச்சிடாத!”

“உள்ள வா!”

“வரக்கூடாதுய்யா. உனக்குத் தெரியாதா?”

 உள்ளேயிருந்து, “அப்ப என்னைத் தூக்குங்கடா” என்று கேட்டது.

ஜெபக்குழுவினர் தயங்கினார்கள். சின்னவள் கட்டிலின் கால்மாட்டைப் பிடித்துத் தனியாக இழுத்துப் பார்த்தாள், நகரவில்லை. அப்போது அண்ணன் அங்கியின் கையை மடித்துவிட்டுக்கொண்டு தலைமாட்டுக்கு வந்தார். “பிடிங்க” என்றார். நான்கு பேர் பிடித்தார்கள். கட்டில் கூடத்துக்கு வந்து, வாசற்படிக்கு உள்ளே ஒரு முழம் தள்ளி நின்றது. வெளியே பூசாரி, உள்ளே அப்பா. நடுவில் ஒரு படி.

இரண்டு கிழவர்களும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். அப்பாவின் முகத்தில் அப்படி ஒரு களை. பரீட்சையில் முதல் மார்க் வாங்கிய பையன் வீட்டு வாசலில் நிற்பானே, அந்தக் களை.

“அவர் போனாருய்யா” என்றார் அப்பா.

“எங்க?”

“ஆணி அடிச்சவன் வீட்டுக்கு. தீர்ப்புச் சொன்னவன் வீட்டுக்கு. எல்லார் வீட்டுக்கும் போனார்.”

“உங்க புத்தகத்துல இருக்கா?”

“இல்ல.”

“அப்பா…” என்றார் அண்ணன். வேதத்தில் இல்லாததைச் சேர்த்துச் சொல்கிறாரே என்ற பதைப்பு அவர் குரலில் இருந்தது.

“இரு, முடிச்சிடறேன்.” அப்பா மூச்சைத் திரட்டிக்கொண்டார். “எழுதினவங்க எல்லாம் யாரு? சிநேகிதக்காரங்க. தங்களோட வீட்டுக்கு வந்ததை எழுதினாங்க. எதிரி வீட்டுக்கு வந்ததை எதிரிதானே சொல்லணும்? அவன் சொல்லுவானா? நான் கொன்ன ஆளு நேத்து எங்க வீட்டுக்கு வந்து ஒரு செம்பு தண்ணி வாங்கிக் குடிச்சிட்டுப் போனான்னு, எவன்யா வெளிய சொல்லுவான்? சொன்னா வேலை போயிடும், பேரு போயிடும்.”

“சரி, அவன் சொல்லல. உங்க சாமி சொல்லியிருக்கலாமே, தன் ஆளுங்ககிட்ட?”

இந்தக் கேள்வி வரும் என்று அவர் எதிர்பார்த்திருந்தார் போலும். ஈர்க்குச்சியாக இருந்த கையைத் தூக்கிப் பூசாரியை நோக்கி ஆட்டினார். “போன இடத்தைச் சொல்லிக் காட்டினா அப்புறம் அது என்னய்யா மன்னிப்பு?”

  சின்னவளுக்கு மயிர்க்கூச்செறிந்தது. சிறுமியாக இருந்த காலத்திலிருந்து எத்தனையோ பதில்களைக் கேட்டிருக்கிறாள், இப்படி ஒன்று வந்ததில்லை. பூசாரி பட்டென்று தொடையில் தட்டிக்கொண்டு சிரித்தார், கண்ணில் நீர் வரச் சிரித்தார்.

“அடப்பாவி! இதை எங்கய்யா வச்சிருந்த இத்தனை நாளா?”

“ஒத்துக்கறியா?”

“ஒத்துக்கறதா? யோசிக்கணும். நீ உன் கேள்வியைப் போடு.”

“போடறேன். நல்லாக் கேட்டுக்க” என்றார் அப்பா.

எல்லோரும் குனிந்தார்கள். பூசாரி படியில் கை ஊன்றிக் கழுத்தை நீட்டினார். அப்பா உதட்டைக் குவித்து, கேள்வி கேட்கும் முன்பு எப்போதும் செய்வதுபோல் ஒற்றைப் புருவத்தைத் தூக்கினார். அண்ணன்கூட அங்கியைப் பிடித்தபடி காதைக் கொடுத்தார். நேரம் போயிற்று. கேள்வி வரவில்லை.

“கேளுய்யா” என்றார் பூசாரி.

தூக்கிய புருவம் இறங்கவே இல்லை. அண்ணன்தான் மெல்லக் குனிந்து அப்பாவின் மூக்கருகே விரலை வைத்துப் பார்த்துவிட்டு, கண்களை மூடிவிட்டார்.

பிறகு எல்லாம் மளமளவென்று நடந்தது. கட்டிலை உள்ளறைக்குத் தூக்கிப் போனார்கள். சபை மணி அடிக்க இரண்டு பேர் ஓடினார்கள், சவப்பெட்டிக்குச் சொல்ல ஒருவர் போனார், உறவுகளுக்குச் சொல்ல மற்றவர்கள் தெருவில் இறங்கிப் போனை எடுத்தார்கள். சின்னவள் நிலைப்படியில் சாய்ந்து தேம்பித் தேம்பி அழுதாள். அழுகைக்கு நடுவிலும், கூட்டிக்கொண்டு வந்துவிட்டோம் என்ற சந்தோஷம் நெஞ்சில் துள்ளிக்கொண்டே இருந்தது. அதை யாரிடம் சொல்வது?

“வா, தலைக்குத் தண்ணி ஊத்திக்கிட்டு ஏறிடலாம்” என்று தலைவர் பூசாரியைக் கூப்பிட்டார். சாவைக் கண்ணால் பார்த்தவர்கள் குளிக்காமல் மலை ஏறக்கூடாது என்பது அவர்கள் வழக்கம்.

“நீ முதல்ல போய் ஊத்திக்க. நான் பின்னாடி வரேன்.”

தலைவர் படியையும் பூசாரியின் காலையும் ஒருமுறை பார்த்துக்கொண்டு தெருமுனைக் குழாய்க்குப் போனார். வாசலில் மூன்று பேர் மிஞ்சினார்கள்.

“எங்க படுக்க வச்சிருக்கீங்க?” என்று கேட்டார் பூசாரி.

“உள்ளறையில” என்றார் அண்ணன். “அங்க நீங்க வரக்கூடாதே, ஐயா.”

 பூசாரி செருப்பை வாசலிலேயே கழற்றினார். வலது காலைத் தூக்கிப் படியைத் தாண்டி வைத்தார், பிறகு இடது காலையும் வைத்தார். யாரையும் பார்க்காமல் கூடத்தைக் கடந்து உள்ளே போனார்.

சின்னவள் அவர் பின்னாலேயே போனாள். அவர் கட்டிலுக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்து, அப்பாவின் கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டார். இத்தனை காலத்தில் அவர்கள் ஒருவரையொருவர் தொட்டு அவள் பார்த்ததில்லை. “உன் முறைய்யா” என்று முணுமுணுத்தார். குலுங்கிக் குலுங்கி அழுதார்.

அண்ணன் வாசற்கதவை வெளியிலிருந்து சாத்தும் சத்தம் கேட்டது. சின்னவள் கூடத்து ஜன்னலுக்கு வந்து எட்டிப் பார்த்தாள். தலைவர் ஈரத்தலையோடு திரும்பியிருந்தார்.

“பூசாரி எங்க, சாமி?”

“பின்னாடி… கிணத்தடியில. தண்ணி ஊத்திக்கிறார்” என்றார் அண்ணன். பொய் பழகாத நாக்கு, குழறியது.

“உள்ள கிள்ள போயிடலயே?”

“சேச்சே. அவர் எதுக்கு உள்ள வரப்போறார்?”

தலைவர் அண்ணனை ஏற இறங்கப் பார்த்தார். அண்ணன் அசையவில்லை. பூசாரியின் செருப்புகளுக்கு நேர் மேலே காலை அகட்டி நின்றுகொண்டு, வெள்ளை அங்கியைத் தரை தொடும் அளவுக்கு இறக்கிப் பிடித்துக்கொண்டிருந்தார்.