ஏழு மைத்துனர்களின் பெயர்

ஒதில் தன் சொந்தச் செலவில் சூனியம் வைத்துக்கொண்டு பதினான்கு வருடம் ஆகியிருந்தது. அது அவளுக்குத் தெரியவந்தது போன மாதம்தான்.

அன்று அவளுக்கு இருபத்து நான்கு வயது. தீவு நாட்டின் தலைநகரான வீலாவில் பிறந்து வீலாவிலேயே வளர்ந்தவள். தீவு மொழிகளை ஒன்றோடொன்று ஒப்பிட்டு, எது எதற்கு அக்கா, எது எதற்குத் தங்கை என்று கண்டுபிடிக்கிற படிப்பு அவளுடையது. மலெக்குலா தீவில் அம்மா பிறந்த தமேலி மலைக்கு ஒரு நோட்டும் ஒலிப்பதிவுக் கருவியுமாக வந்து இறங்கினாள். தமேலி மொழி அப்போதே அவளுடைய மாமா ஏனோக் ஒருவர் வாயில்தான் மிச்சம். மற்றவர்கள் எல்லாரும் தீவுகளின் பொதுமொழியான பிஸ்லாமாவுக்கு மாறிவிட்டிருந்தார்கள். தண்ணீர், கல், நிலா, காது, நடப்பது, தூங்குவது என்று இருநூறு சொல் கேட்டாள். மாமா இருநூறுக்கும் பதில் சொன்னார். வீலாவுக்குத் திரும்பி, வடகரையின் ஒர்மேத் மொழியோடும் தென்கரை மொழிகளோடும் வைத்துப் பார்த்து, தமேலி என்பது ஒர்மேத்தின் கிளை என்று எழுதி அச்சேற்றினாள். பட்டம் கிடைத்தது. அம்மா கிழங்கு மாவில் கோழி போட்டு, இலையில் பொதிந்து லப்லப் சுட்டாள்.

அந்தக் கட்டுரையை உலகத்தில் பதினைந்து பேர் படித்திருந்தால் அதிகம். பதினாறாவதாகப் படித்தது ஒர்மேத்காரர்களின் வக்கீல். தமேலிக்காரர்கள் பேசியது எங்கள் மொழியின் கிளை. அப்படியானால் அவர்கள் எங்களிடமிருந்து பிரிந்து மலையேறியவர்கள். நாங்கள் இடம் கொடுத்தோம், இருந்தார்கள். மலையும் ஊற்றும் எங்களுடையவை. இதுதான் வாதம். மலையில் முப்பத்தொரு வீடு. எல்லாருக்கும் அந்த ஒரு ஊற்றுதான், அதைச் சுற்றிய சேம்புத் தோட்டங்கள்தான் சோறு. ‘சொந்தப் பெண்ணே எழுதியிருக்கிறாள்’ என்று வேறு சொன்னார்களாம்.

வழக்குக் காகிதத்தை ஊரில் படித்துக் காட்டியபோது, பின்னால் ஒட்டியிருந்த சொற்பட்டியலைக் கேட்டு ஏனோக் மாமா இருமல் வரும்வரை சிரித்திருக்கிறார். ‘இதுல நாப்பது சொல் எங்களதே இல்லையே’ என்று சொல்லியனுப்பினார். விசாரணை திங்கட்கிழமை. ஒதில் வெள்ளிக்கிழமைக் கப்பலைப் பிடித்து வந்துவிட்டாள்.

மாமா வீட்டு வாசலில் பாயில் சாய்ந்திருந்தார். எழுபத்து நான்கு வயது. மூச்சு ஒவ்வொன்றும் ஏணியேறி வருவது போல வந்தது.

“ஏன் மாமா அன்னைக்கே சொல்லல?”

“நீ என்ன கேட்ட? ‘இதுக்கு நீங்க என்ன சொல்லுவீங்க மாமா’ன்னு கேட்ட. நான் என்ன சொல்லுவேனோ அதச் சொன்னேன். பொய்யா சொன்னேன்?”

“நீங்க சொன்னது ஒர்மேத்காரங்க சொல்லாச்சே!”

“பின்ன? தண்ணிங்கற சொல்லு உங்க அத்தையோட மூத்த அண்ணன் பேர்ல இருக்கு. கல்லு ரெண்டாவது ஆள் பேர்ல. நிலா மாமனார் பேர்ல. பொண்டாட்டி வீட்டு ஆள் பேர எவனாவது வாயில எடுப்பானா? எடுத்தா அடுத்த நாள் ஊர்ல எவன் மூஞ்சில முழிக்கிறது? சந்தைக்குப் போன எடத்துல கேட்ட ஒர்மேத் சொல்லை வெச்சு ஓட்டிட்டேன். எல்லா ஆம்பளையும் அப்படித்தான் புள்ள. ஒரு மச்சான் உள்ளவன் நாலு சொல்லைத்தான் விடுவான். எனக்கு வாய்ச்சது ஏழு!”

அத்தை இறந்து ஆறு வருடம் ஆகிறது. ஆனாலும் விலக்கு விலக்குதான். தடைக்கு அடையாளமாக வாசலில் நட்ட நமெலே இலை நட்டவன் போனதும் தானாகப் பட்டுப்போவதில்லை.

ஒதிலுக்குத் தன்னையே அறைந்துகொள்ள வேண்டும்போல இருந்தது. வெளியூர்க்காரன் ஒருவன் செய்திருந்தால் மன்னிக்கலாம். அந்தப் பதிவை அவள் நூறு தடவை கேட்டிருக்கிறாள். மாமாவின் குரலுக்குப் பின்னால் வேறொருவர் சிரிப்பு கேட்கும். மூன்றாவது மைத்துனர், பக்கத்தில் உட்கார்ந்து கிழங்கு சீவிக்கொண்டிருந்தார். ‘உறவினர்கள் அன்போடு உதவினார்கள்’ என்று முன்னுரையில் நன்றி வேறு எழுதியிருந்தாள். அந்த மனிதர் எழுந்து போயிருந்தாலும் மாமா சொல்லியிருக்க மாட்டார், அது வேறு விஷயம். ஆனால் கேட்கவாவது தோன்றியிருக்க வேண்டும். நுணலும் தன் வாயால் கெடும். இவள் தன் பேனாவால் முப்பத்தொரு வீட்டைக் கெடுத்தாள்.

“இப்ப சொல்லுங்க மாமா. நான் மட்டும்தானே இருக்கேன்.”

மாமா அவளை ஏறிட்டுப் பார்த்த பார்வையில் அந்தக் கேள்வி செத்துப்போனது.

“சொல்லெல்லாம் பத்திரமா இருக்கு. வயித்துக்குள்ள பூட்டி வெச்சிருக்கேன்” என்றார். “சாவி அவங்க கையில. பேருக்கு உடையவன் வந்து, கோரப்பல் கொம்பா வளைஞ்ச ஒரு பன்னிய அடிச்சுப் போட்டு, பேர அவனே உரக்கச் சொல்லி, ‘எடுத்துக்கோ, இனிமே நீயும் சொல்லு’ன்னு குடுக்கணும். அவ்வளவுதான். ஒரு காலைப் பொழுது வேலை.”

“அப்ப யாரக் கூப்பிடணும்?”

“ஏழுல ஆறு போயாச்சு. மிச்சம் கடைக்குட்டி. செத்தவங்க பேருக்கும் இப்ப அவன்தான் உடையவன். அங்கதான் வில்லங்கம்” என்று மாமா மறுபடி சிரித்தார்.

வில்லங்கத்தின் பெயர் ஏபெல். அது ஞானஸ்நானப் பெயர். பிறந்தபோது வைத்த பெயர் வேறு. அறுபத்தாறு வயது. ஐந்து வயதிலேயே வேறு தீவின் மிஷன் பள்ளிக்குப் போனவர், தமேலி மொழியில் ஒரு சொல்கூடத் தெரியாது. இப்போது சனிக்கிழமையை ஓய்வுநாளாகக் கொள்கிற சபையில் மூப்பர். சனிக்கிழமைக்காரர்களுக்குப் பன்றி ஆகவே ஆகாது. தின்பது இருக்கட்டும், தொடவும் மாட்டார்கள்.

“ஒரு காளை தர்றேன்” என்றார் ஏபெல், ஒதில் போய் நின்றதும். “நல்ல காளை. செவலை.”

“நீங்க அப்படித்தான் சொல்லுவீங்கன்னு முன்னாலயே கேட்டேன் சித்தப்பா. காளைக்கும் பேருக்கும் என்ன சம்பந்தம்னு கேக்கறார்.”

“பன்னிக்கும் பேருக்கும் மட்டும் என்ன சம்பந்தமாம்? அந்தாளு சின்ன வயசுலேர்ந்தே அப்படித்தான், கல்லுல நாருரிக்கலாம், அவர்கிட்ட முடியாது.” வேலியோரம் போய் நின்றார். “நாங்க பன்னி நடந்த பாதையில கூடச் செருப்பு போட்டுட்டு நடக்கற ஆளுங்கம்மா. நாப்பது வருஷமா நான் அடுத்தவனுக்குச் சொன்ன புத்தி இது.”

வேலிக்கு அப்பால் ஏபெலின் பேரக் குழந்தைகள் ஊற்றிலிருந்து தண்ணீர்க் கேன்களை உருட்டிக்கொண்டு வந்துகொண்டிருந்தார்கள். அவரும் அதைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

மறுநாள் அவருக்கு ஓய்வுநாள். ஆராதனை முடிந்ததும் போதகரிடம் தனியாகப் பேசினார் என்று மட்டும் ஊருக்குத் தெரிந்தது. வெளியே வரும்போது மூப்பர்களின் பெஞ்சில் வைத்திருந்த தன் மெத்தைத் துணியை மடித்து அக்குளில் இடுக்கிக்கொண்டு வந்தாராம். ஒதில் அதற்குள் கீழூரில் சொல்லி ஒரு கொம்புப் பன்றிக்கு ஏற்பாடு செய்திருந்தாள். கயிறு யார் கையில் இருக்கிறதோ பன்றி அவருடையது என்று மாமா பெரிய மனதோடு ஒப்புக்கொண்டார்.

ஞாயிறு காலையில் ஏபெல் வந்தார். வலது கையில் ரொட்டி வாங்கிய பிளாஸ்டிக் பையைச் சுற்றியிருந்தார்.

“என்ன மச்சான் இது, கைக்கு மழைக்கோட்டா?” என்றார் மாமா பாயிலிருந்து.

“இப்படியே புடிச்சுக்கறேனே.”

“கையால புடி மச்சான். பேரக் குடுக்கறவன் உறை போட்டா குடுப்பான்?”

கூட்டத்தில் யாரோ சிரித்தார்கள். ஏபெல் சிரிக்கவில்லை. பையைக் கழற்றிச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு கயிற்றைப் பிடித்தார். அடித்த அடி சரியாக விழவில்லை, இரண்டாவதும் வேண்டியிருந்தது, பழக்கமில்லாத கை. சட்டையில் இரத்தம் தெறித்தது. அப்புறம் நிமிர்ந்து நின்று, மனப்பாடம் செய்து வைத்திருந்த பையனைப் போல ஒவ்வொரு பெயராக உரக்கச் சொன்னார். முதலில் அப்பா பெயர். பிறகு மூத்தவரில் தொடங்கி, தெனாவ். வத்நசோ. மல்ரிங். இறந்துபோன அண்ணன்கள் ஆறு பேரையும் வரிசையாக. கடைசியாகத் தன் பெயர், மல்கோன். அதைச் சொல்லும்போது குரல் உடைந்தது. அந்தப் பெயரை அவர் கேட்டே பல வருடம் ஆகியிருக்கும். “எடுத்துக்கோ. இனிமே நீயும் சொல்லு” என்று கயிற்றை மாமா கையில் வைத்தார்.

ஐம்பத்திரண்டு வருடத்துக்குப் பிறகு ஏனோக் மாமா தன் மைத்துனர்களின் பெயரைச் சொன்னார். ருசி பார்ப்பதுபோல மெல்லச் சொன்னார். கண்ணில் நீர் வந்தது. ஒதிலுக்கும் வந்தது. நோட்டைத் திறந்து கருவியை ஓடவிட்டாள். நாற்பத்து மூன்று சொற்களுக்கு எதிரே கட்டங்கள் காலியாக இருந்தன.

“தண்ணிக்கு என்ன மாமா?”

மாமா வாயைத் திறந்தார். அதே ஒர்மேத் சொல் வந்தது.

“அது இல்ல மாமா. உங்களோடது.”

“ஆமா ஆமா. இரு.” கண்ணை மூடினார். “வரும். இரு.”

வரவில்லை. சரி, கல்லுக்கு என்றாள். ஒரு சொல் வந்தது, முகம் மலர்ந்தது, ஒதில் எழுதினாள். எழுதி முடிப்பதற்குள் மாமாவின் புருவம் நெரிந்தது. “இது எங்கப்பா சொன்னதா, சந்தையில கேட்டதா?” என்று தன்னையே கேட்டுக்கொண்டார். இன்னொரு சொல் சொல்லிப் பார்த்தார். அதையும் வேண்டாமென்றார். நிலா, பாம்பு, நடப்பது, தீ. ஒவ்வொன்றுக்கும் பூட்டைத் திறந்து திறந்து பார்த்தார், உள்ளே வேறு வீட்டுச் சாமான் இருந்தது. மத்தியானத்துக்குள் அவர் பயந்துபோய்விட்டார். கூட்டம் ஒவ்வொருவராகக் கலைந்தது. லப்லப்பைக்கூட யாரும் கேட்கவில்லை.

ஒதில் பெயர்களைப் பிடித்துக்கொண்டாள். சொற்கள் பெயருக்குள்தானே இருக்கின்றன! இரண்டாவது மைத்துனரின் பெயரான வத்நசோவில் வத் என்று கேட்டது. தென்கரையில் கல்லுக்குக் கிட்டத்தட்ட அப்படித்தான், கடல் முழுக்கவே கிட்டத்தட்ட அப்படித்தான். எழுதப் போன கை நின்றது. அந்தப் பெயரில் கல் இருக்கிறது என்று மாமா சொன்னதுதான், ஆனால் அதில் எந்தத் துண்டு கல் என்று அவர் சொல்லவில்லை. மாமா ‘ஆமாம், அதுதான் கல்’ என்று சொன்னால் அது சான்று. இல்லாவிட்டால் அது அவளுடைய ஆசை. கல் வேண்டுமென்று ஆசைப்படுகிறவளுக்கு எல்லாப் பெயரிலும் கல் கேட்கும். பொருள் தெரியாத ஒலியை எந்த மொழியோடும் ஒப்பிட்டு எதையும் நிரூபிக்கலாம் என்று அவளே மாணவர்களுக்குச் சொல்லிக்கொடுத்திருக்கிறாள். ஒருமுறை தப்பான பட்டியலை நம்பிக் கெடுத்தது போதும்.

“வத்ங்கறது கல்லா மாமா?”

“நீ சொன்னா இருக்கலாம்” என்றார் மாமா. அந்த ஒரு வார்த்தையில் எல்லாம் முடிந்துபோயிற்று. அவளுக்கு அவர்மேல் கோபம் வந்தது, அது நியாயமில்லை என்று தெரிந்தும் வந்தது. இத்தனை மரியாதை எதற்கு? யாருக்கும் கேட்காமல், தோட்டத்துக்குப் போகிற வழியில், மரத்திடமாவது ஒருமுறை சொல்லிப் பார்த்திருக்கக் கூடாதா? சொல்ல மாட்டார். தமேலியில் ஒழுங்காகப் பிறந்த எந்த ஆணும் சொல்லியிருக்க மாட்டான். அந்த ஒழுங்கினால்தான் மொழி போயிற்று.

ஏபெல் இன்னும் போகவில்லை. இரத்தம் தெறித்த சட்டையோடு பாயின் ஓரத்தில் குந்தியிருந்தார்.

“மச்சான்” என்றார். “எங்கப்பா சொல்லித்தரதுக்கு முன்னாடியே என்னப் பள்ளிக்கூடத்துக்கு ஏத்தி விட்டுட்டாங்க. என் பேருக்கு என்ன அர்த்தம்?”

ஏனோக் மாமா அவரைப் பார்த்தார். உதடு அசைந்தது.

“மல்கோன்” என்றார். மறுபடியும், “மல்கோன்.” பிறகு தலையை ஆட்டினார். “நல்ல அர்த்தம் மச்சான். ரொம்ப நல்ல அர்த்தம். என் கல்யாணத்தப்ப தெரியும்.”

ஏபெல் எழுந்து, ஊற்றுப் பக்கமாகக் கை கழுவப் போனார்.

திங்கட்கிழமை விசாரணை கீழூர்ப் பள்ளிக்கூடத்தில் நடந்தது. மாமாவைத் தூக்கிக்கொண்டு வந்து ஏபெலின் பக்கத்தில் உட்காரவைத்திருந்தார்கள். ஒதில் எழுந்து, மைத்துனன் பெயரை வாயில் எடுக்காத வழக்கத்தையும், நாற்பத்து மூன்று சொற்கள் மாறிப்போன கதையையும் விளக்கினாள். விசாரணைக் குழுவின் தலைவர் பொறுமையாகக் கேட்டார். ஒர்மேத்காரர்கள்கூடத் தலையாட்டினார்கள்.

“எங்க ஊர்லயும் உண்டும்மா அந்த வழக்கம்” என்றார் தலைவர். “எனக்கே மூணு மச்சான். நீ சொல்றத நம்பறேன். அப்ப சரியான சொல்லு என்னன்னு சொல்லு, திருத்தி எழுதிக்கறோம். தண்ணிக்கு என்ன?”

எழுதுகிறவர் பேனாவை எடுத்துக்கொண்டு காத்திருந்தார். ஒதில் திரும்பி மாமாவைப் பார்த்தாள். அவர் கண்ணை மூடிக்கொண்டு உதட்டை அசைத்துக்கொண்டே இருந்தார்.

“தெரியாது” என்றாள் ஒதில்.

பழைய பட்டியலை அப்படியே சான்றாகச் சேர்த்துக்கொண்டார்கள்.