பிணம் நெளியக் கூடாது

அப்பாவின் காதுக்குப் பின்னால் ஈரத்துணியால் அம்மா தேய்த்துக்கொண்டே இருந்தாள். சிவப்பு போகவில்லை.

"என்ன கருமத்தைடி கலந்தீங்க?"

"சர்க்கரைப் பாகும்மா. கேக்குக்குப் போடற சாயம்." என்றாள் மகள்.

வாரமெல்லாம் மின்விசிறி பழுதுபார்க்கிற அப்பா, ஞாயிற்றுக்கிழமையானால் பேய். பட்டறையிலேயே படப்பிடிப்பு. பூண்டுப் பல்தான் கோரைப்பல். அம்மாவின் அண்ணன், தையல்கார மாமா, ஒப்பனையும் பார்ப்பார், மந்திரவாதியாகவும் வருவார். செல்போனில் எடுப்பது மகள். அங்கே ஒரே சட்டம்: 'கட்' சொல்வது அப்பா மட்டும்.

"நான் கத்தினாலும் கதறினாலும் அது வசனம். நீ பாட்டுக்கு எடு."

எறும்புதான் தொல்லை. பாகு ரத்தத்துக்கு வரிசை கட்டி வரும். பிணம் நெளியும், ஆளாளுக்குச் சிரிப்பார்கள், காட்சி கெட்டுப்போகும்.

இன்று காலை பெஞ்சில் பிணமாகக் கிடந்தவர் கண்ணைத் திறந்து, "போதும்மா, நிறுத்திடு" என்றார். மாமா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். மகளும் சிரித்தாள், கை ஆடாமல். அப்பா கண்ணை மூடிக்கொண்டார். கொஞ்ச நேரத்தில் எறும்பு வந்தது. கன்னத்தில் ஊர்ந்தது. அப்பா அசையவே இல்லை.

"இன்னிக்குத்தான் மச்சான் உருப்படியா செத்திருக்காரு" என்று மாமா கிசுகிசுத்தார்.

இப்போது மாமா மந்திரவாதித் தாடியோடு சுவரோரம் நின்றிருந்தார்.

"அந்தத் தாடியைப் பிச்சுப் போடுங்கண்ணா" என்றாள் அம்மா. பிறகு மகள் பக்கம் திரும்பாமலே, "கடைசியா ஏதாச்சும் சொன்னாரா?"

பாதி பிய்ந்த தாடியோடு மாமா தரையைப் பார்த்தார்.

"நிறுத்தச் சொன்னாரும்மா."

"எதை?"

அதைச் சொன்னபோது அப்பா பார்த்தது செல்போனையா, தன்னையா? காலையிலிருந்து நினைத்து நினைத்துப் பார்க்கிறாள். ஒருமுறை செல்போன் என்று தோன்றுகிறது. மறுமுறை இல்லை.

"தெரியலம்மா... வசனம்னு நெனச்சேன். வசனமாவும் இருக்கலாம். கட் சொல்லலையேம்மா."

அம்மா துணியை வாளியில் முக்கிப் பிழிந்தாள்.

தலையணைக்கு அடியிலிருந்து ஓர் எறும்பு கிளம்பி, கன்னத்தில் ஏறி, இமைக்குப் போனது. அம்மாவின் கை நின்றது. மாமா நிமிர்ந்தார். படப்பிடிப்பில் போலவே மகள் மூச்சைப் பிடித்துக்கொண்டாள்.

எறும்பு இமையைக் கடந்து, மூக்கைச் சுற்றி, அந்தப் பக்கம் இறங்கிப் போனது.

யாரும் அதைத் தட்டிவிடவில்லை.