பதினோரு வீட்டுக் கணக்கு

நாடு முழுக்க ஆன்லைனில் பொருள் விற்கிற கம்பெனி அது. வாங்குகிறவர்களைக் கூறுபோடுவதுதான் அவள் வேலை. தள்ளுபடிக்குக் காத்திருப்பவர், சம்பளத்தன்று வாங்குபவர், பார்த்துவிட்டு வாங்காமலே நழுவுபவர். வாடிக்கையாளரிடம் யாரும் பேசக்கூடாது என்பது அங்கே எழுதாத சட்டம். பேசினால் மனசு இளகிவிடுமாம். முகமே தெரியாத ஆளின் குணத்தை மட்டும் புட்டுப்புட்டு வைப்பார்கள்.

அன்று காலைக் கூட்டத்தில் மேலாளர் புதுப் பிரிவு ஒன்றைக் காட்டினார். ஒரே கணக்கில் குழந்தைக்குப் பால்புட்டி, பெரியவருக்கு ஊன்றுகோல், ஆறு வெவ்வேறு அளவில் செருப்பு. வாங்கியதில் பாதி திரும்பி வருகிறது. இப்படி நாலாயிரம் கணக்குகள். வாங்கி வெளியே விற்றுவிட்டு, விற்காததைத் திருப்புகிறவர்களாம்; 'திருட்டு வியாபாரிகள்' என்று பெயரும் வைத்தாயிற்று. அவள் ஒப்புதல் பொத்தானை அழுத்தினால் மாலைக்குள் எல்லாவற்றையும் மூடிவிடுவார்கள்.

அவளுக்கு உறுத்தியது. திருட்டு வியாபாரி எவனாவது ஊன்றுகோலைத் திருப்பிக் கொடுத்துவிட்டு அதிலேயே குட்டையானதைக் கேட்பானா? கேட்டதற்கு, உனக்கு எதை எடுத்தாலும் சந்தேகம்தான் என்று மேலாளர் சிரித்தார். அந்தச் சிரிப்புதான் அவளைக் கிளப்பிவிட்டது. பட்டியலில் முதல் நம்பரைப் போட்டு, ஸ்பீக்கரைத் தட்டிவிட்டு, இன்ன கம்பெனி என்று சொல்லி விசாரித்தாள்.

எடுத்தவள் ஒரு தையல்காரி.

"எங்க சந்துல பதினோரு வீடும்மா. ஆன்லைன்ல வாங்கத் தெரிஞ்சது நான் ஒருத்திதான். எல்லாருக்கும் நானே ஆர்டர் போட்டுத் தருவேன். அளவு சரியில்லைன்னா திருப்பிடுவேன். ஏம்மா, ஏதாவது தப்பா?"

ஒரு கணக்கு என்றால் ஓர் ஆள் என்றே மூன்று வருடமாக நம்பியிருந்த கூட்டம் அது. அவளும் அதில் சேர்த்திதான். வெட்கமாக இருந்தது, அதைவிடக் கோபம் அதிகமாக இருந்தது.

போனை வைக்கச் சொல்லி மேலாளர் கை காட்டினார். அவள் வைக்கவில்லை. ஒருத்திக்காக விதியை மாற்ற முடியாது, நீ அழுத்தாவிட்டால் உன் நாற்காலியில் வேறு ஆள் உட்கார்ந்து அழுத்துவார் என்று பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னார்.

"தாராளமா அழுத்தட்டும் சார். அதுக்கு முன்னாடி இந்த அக்காவைத் திருடின்னு அவங்ககிட்டயே சொல்லட்டும். நாலாயிரம் பேருக்கும் நானே நம்பர் போட்டுத் தர்றேன்."

போனை அவர் முன்னால் தள்ளினாள்.

"யாரு சார் திருடி?" என்றாள் தையல்காரி. "சொல்லுங்க, லைன்லதான் இருக்கேன்."